தெரிவும் வெளியேற்றமும்: தொலைக்காட்சி மணத்தேர்வுப் போட்டிகள் பற்றிய ஒரு சமூகவியல் நோக்கு

1

வெகுசனத் தொடர்புச் சாதனங்கள் வழிவரும் கலைவடிவங்களைத் தமிழாய்வாளர் பொருட்படுத்த வேண்டுமா என்ற வினா இன்று பழையதாகிவிட்டது. கரவெட்டியில் 1932இல் பிறந்த பேராசிரியர் கா. சிவத்தம்பி, தமிழ்ச் சினிமாவை அரசியற் தொடர்புச் சாதனமாக நோக்கி எழுதிய ஆங்கில நூல் 1981இல் வெளிவந்தது. பல்கலைக்கழகத் தமிழாய்வு தன் எல்லைக்குப் புறம்பானது என ஒதுக்கிய ஒன்றை, மக்கள் நாடோறும் நுகர்கின்றனர் என்ற காரணத்தாலேயே ஆய்வுப்பொருளாக்கியமை அந்நூலின் சிறப்பு. அந்நோக்கின் நியாயம் சினிமாவுடன் நின்றுவிடுவதன்று. இன்று வடமராட்சியின் வீடுகளிற் செய்மதி வழியாகவும் கேபிள் வழியாகவும் வந்து சேரும் தமிழகத் தொலைக்காட்சிக்கும் அது பொருந்தும்.

இக்கட்டுரை அத்தொலைக்காட்சியின் ஒரு நிகழ்ச்சி வகையை மாத்திரமே எடுத்துக்கொள்கின்றது. பலர் ஒருவரை அடையப் போட்டியிட, கட்டங்கட்டமாகச் சிலர் நீக்கப்பட்டு, ஈற்றில் ஒருவர் எஞ்சுதல் வேண்டும் என்ற விதியுடைய மணத்தேர்வுப் போட்டியே அது. தமிழில் இதன் தெளிவான எடுத்துக்காட்டு 2018 பெப்ரவரி முதல் ஏப்ரல் வரை கலர்ஸ் தமிழ் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான 'எங்க வீட்டு மாப்பிள்ளை' ஆகும். நடிகர் ஆர்யாவை மணக்க முன்வந்த 16 பெண்கள் அதிற் பங்குபற்றினர். அவர்களுள் கனடாவிலிருந்து வந்த, இலங்கைத் தமிழ்ப் பின்னணியுடைய ஒருவரும் இருந்தமையால் எம்மவரிடையே அது தனிக் கவனம் பெற்றது.

இத்தகைய நிகழ்ச்சிகள் பற்றி எமது சூழலில் இரு கருத்துக்களே பெரிதும் கேட்கப்படுகின்றன. இவை தமிழ்ப் பண்பாட்டைச் சீரழிக்கின்றன என்பது ஒன்று. இவையெல்லாம் வெறும் நடிப்பு, இவற்றைப் பெரிதாக எடுக்க வேண்டியதில்லை என்பது மற்றையது. முன்னையது நிகழ்ச்சிக்கு வெளியே நின்று கோபப்படுகின்றது. பின்னையது நிகழ்ச்சியைப் பார்த்துக்கொண்டே அலட்சியப்படுத்துகின்றது. இரண்டுமே அதன் உள்ளியக்கத்தை நோக்குவனவல்ல. வெளியேற்றம் என்னும் செயன்முறையே இவ்வடிவத்தின் உயிர்நிலை என்பதும், அதனை ஆராயும்போது எமது சமூகத்தின் திருமண ஒழுங்கு பற்றியும் சில உண்மைகள் தெளிவாகும் என்பதும் எமது கருத்தாகும்.

2

இவ்வடிவத்தின் மூலமாதிரி, அமெரிக்காவின் ஏபிசி தொலைக்காட்சியில் 2002 மார்ச்சில் தொடங்கிய 'தி பச்சலர்' ஆகும். முதற்றொடரில் ஓர் ஆடவனுக்காக 25 பெண்கள் போட்டியிட்டனர். ஒவ்வொரு கட்ட முடிவிலும் அவன் தான் வைத்துக்கொள்ள விரும்பும் பெண்களுக்கு ஒவ்வொரு ரோசாப் பூவை வழங்குவான். பூப் பெறாதவர் வெளியேறுவர். விதி இவ்வளவே. எனினும் இவ்வெளிய விதிக்குள் நான்கு நுட்பங்கள் தொழிற்படுகின்றன.

முதலாவது, செயற்கையான தட்டுப்பாடு. பூக்களின் தொகை எப்பொழுதும் பெண்களின் தொகையிலும் குறைவாகவே இருக்கும். அன்பு உண்மையிற் பங்கிடப்பட்டுக் குறையும் பொருளன்று. ஆயின் பூவாக அது உருமாற்றப்பட்டதும் எண்ணத்தக்கதாகி, எண்ணத்தக்கதானமையாற் போதாததாகிவிடுகின்றது. சந்தையில் ஒரு பண்டத்தின் விலையை ஏற்றுவதற்குக் கையாளப்படும் உபாயம் இங்கு உணர்ச்சியின் மதிப்பை ஏற்றுவதற்குக் கையாளப்படுகின்றது.

இரண்டாவது, வரிசை. பூக்கள் ஒருங்கே வழங்கப்படுவதில்லை. பெயர் ஒவ்வொன்றாக அழைக்கப்படும். ஈற்றுப் பூ எஞ்சும்போது பார்வையாளரின் கண் பூப் பெற்றவரை விட்டு, பெறாது நிற்பவரின் முகங்களில் நிலைகொள்ளும். ஒளிப்பதிவுக் கருவியும் அங்கேயே நிற்கும். இருவரை மட்டும் ஆடவனுடன் அனுப்பி, ஒருவரை அவ்விடத்திலேயே நீக்கும் சந்திப்பும் இதே உபாயத்தின் சுருங்கிய வடிவமே.

மூன்றாவது, காரணங்கூறாமை. ஏன் நீக்கப்பட்டாள் என்பதற்கு அளவுகோல் எதுவும் முன்கூட்டி அறிவிக்கப்படுவதில்லை. மனத்தொடர்பு ஏற்படவில்லை என்பதே மீண்டும் மீண்டும் கேட்கும் விடை. அளவுகோல் வெளிப்படாதவிடத்து முறையீட்டுக்கும் இடமில்லை.

நான்காவது, வாக்குமூலம். நீக்கப்பட்ட பெண் உடனே மறைந்துவிட அனுமதிக்கப்படுவதில்லை. வாகனத்தில் ஏற்றப்பட்டோ தனியே இருத்தப்பட்டோ அவள் பேசவைக்கப்படுகின்றாள். தன்னிடம் என்ன குறை, தான் எதைச் செய்திருக்க வேண்டும் என அவளே வினவி அவளே விடைதேடுகின்றாள். தீர்ப்பு வழங்கியவன் கூறாத காரணத்தைத் தீர்ப்புக்குள்ளானவள் தன்னுள்ளே கண்டெடுத்துக் கொடுக்கின்றாள்.

இவை யாவற்றின் பின்னும் தயாரிப்பாளரின் கை உண்டு. அந்நிகழ்ச்சியிற் பணிபுரிந்த சாரா கேட்ரூட் ஷாப்பிரோ பின்னர் இணைந்து உருவாக்கிய 'அன்ரியல்' என்னும் புனைவுத் தொடர் 2015இல் வெளிவந்தது. மணத்தேர்வுப் போட்டியொன்றின் தயாரிப்புக் கூடமே அதன் களம். அழவைக்கத்தக்கவரை இனங்காணுதல், ஒருவர் சொன்னதை மற்றவரிடம் சேர்ப்பித்தல், வெவ்வேறு வேளைகளிற் பேசியவற்றைத் தொகுப்பு மேசையில் ஒட்டி ஒரே பேச்சாக்குதல் முதலியன அங்கு நாளாந்த வேலைகளாகக் காட்டப்பட்டன. தெரிவு செய்பவனாகத் திரையில் தோன்றும் ஆடவனும் பிறர் வகுத்த எல்லைக்குள் நின்று தெரிவு செய்பவனே என்பது ஈண்டு மனங்கொள்ளத்தக்கது.

வெளியேற்றும் அதிகாரம் எங்குமே ஒரே கையில் இருப்பதன்று என்பதையும் குறிப்பிடுதல் வேண்டும். தமிழிற் 2017இல் கமல்ஹாசன் தொகுத்தளித்த முதலாவது 'பிக் பாஸ்' தொடரில் வெளியேற்றம் பார்வையாளரின் வாக்கிற் தங்கியிருந்தது. பிரித்தானியாவில் 2015 முதல் ஒளிபரப்பாகிவரும் 'லவ் ஐலண்ட்' நிகழ்ச்சியிற் சோடி சேராது தனித்து நிற்பவர் வெளியேறும் முறையும் வாக்குமுறையும் கலந்து வருகின்றன. வாக்குரிமை வந்தமையாற் சனநாயகம் வந்துவிட்டது எனக் கருதுதல் தவறு. எவரை எவ்வாறு காட்டுவது என்பதைத் தயாரிப்பாளர் முடிவுசெய்த பின்னரே பார்வையாளர் வாக்களிக்கின்றனர்.

3

இந்தியாவில் இவ்வடிவம் வந்தபோது அதற்கு மரபுவழிப்பட்ட ஒரு பெயர் தேவைப்பட்டது. 2009இல் என்டிடிவி இமாஜின் தொலைக்காட்சி நடிகை ராக்கி சாவந்தை நடுவாக வைத்து நடத்திய நிகழ்ச்சி 'சுயம்வரம்' என்றே பெயர் பெற்றது. அங்கு பெண் தெரிவு செய்பவளாகவும் ஆடவர் நீக்கப்படுபவராகவும் இருந்தனர். ஈற்றில் மாலையிடப்பட்டவருடன் நடந்தது மணநிச்சயமே. திருமணம் நிகழவில்லை. தெரிவுசெய்பவர் ஆணாயினும் பெண்ணாயினும் வடிவத்தின் இயக்கம் மாறவில்லை என்பதை இது காட்டுகின்றது.

இப்பெயரைக் கேட்டுத் தமிழறிஞர் சிலர் எமது இலக்கியங்களிலும் இத்தகைய போட்டி உண்டு எனப் பெருமை கொள்ளக்கூடும். கலித்தொகையின் முல்லைக்கலி காட்டும் ஏறுதழுவுதல் நினைவுக்கு வருவது இயல்பே. ஒப்பிட்டு நோக்கின் வேறுபாடே பெரிதாகத் தோன்றும். ஏறுதழுவும் களத்திலே அளவுகோல் யாவரும் அறிந்தது. ஏற்றை அடக்குபவன் யார் என்பதே வினா. விடையை ஊரார் எல்லோரும் கண்ணாற் காண்பர். தோற்றவன் தன் குணத்தின் குறையை எடுத்துரைக்கும்படி எவரும் அவனைக் கேட்பதில்லை. ஆயர் குடியின் உற்பத்தி வாழ்வில் மாட்டை ஆளும் திறன் உயிர்ப் பயனுடையது. ஆகவே அப்போட்டி அச்சமுதாயத்தின் தேவையிலிருந்து எழுந்ததாகும்.

தொல்காப்பியம் மெய்ப்பாட்டியலிலே தலைவன் தலைவியரிடையே இருத்தற்குரிய ஒப்புமைகளாகப் பிறப்பு, குடிமை முதலாகத் திரு ஈறாகப் பத்தினைத் தொகுத்துரைக்கின்றது. அருள், உணர்வு என்பனவும் அப்பட்டியலில் உள. காதலைப் பாடிய மரபு, அக்காதல் எவ்வெவ் வேலிகளுக்குள் நிகழ வேண்டும் என்பதை ஒளிக்காமலே கூறிற்று. பிறப்பையும் செல்வத்தையும் அளவுகோல்களாக ஏற்ற அக்கருத்துநிலையை நாம் இன்று ஏற்பதற்கில்லை. ஆயினும் அளவுகோலை வெளிப்படையாகச் சொல்லும் நேர்மை அதனிடம் இருந்தது. தொலைக்காட்சிப் போட்டி அப்பட்டியலின் முதலையும் ஈற்றையும் சொல்லாமல் விட்டு, நடுவிலுள்ள உணர்வை மாத்திரம் உரத்துப் பேசுகின்றது.

4

தமிழகத்து நிகழ்ச்சியொன்றை யாழ்ப்பாணத்திலிருந்து நோக்கும்போது எமக்கு இன்னுமொரு பொறுப்பு உண்டு. கரவெட்டியிலோ உடுப்பிட்டியிலோ வீட்டிலிருந்து அந்நிகழ்ச்சியைப் பார்த்து முகஞ்சுழிக்கும் நாம், எமது கலியாணப் பேச்சுக்களில் வெளியேற்றம் எவ்வாறு நிகழ்கின்றது என்பதைக் கேட்டுக்கொள்ளுதல் வேண்டும்.

யாழ்ப்பாணத்துத் திருமணம் நெடுங்காலம் சொத்துடைமையின் கைமாற்றமாகவே ஒழுங்கமைந்தது. ஒல்லாந்தர் ஆட்சியில் 1707இல் தொகுக்கப்பெற்ற தேசவழமை முதுசம், சீதனம், தேடியதேட்டம் எனச் சொத்தை வகுத்தமையே இதற்குச் சான்று. காணி, வீடு, நகை என்பவற்றோடு மாப்பிள்ளை வீட்டாருக்கான நன்கொடையும் பின்னர் சேர்ந்துகொண்டது. புலம்பெயர்வின் பின் வெளிநாட்டு வதிவிட உரிமையும் பேச்சுக்காலில் ஓர் உடைமையாகவே எண்ணப்படலாயிற்று. இவ்வொழுங்கிலே தரகர் கொண்டுவரும் குறிப்புக்கள் ஒவ்வொன்றாக நீக்கப்படுகின்றன. முதலிற் சாதி, பின்னர் ஊர், பின்னர் சீதனம், அதன்பின் சாதகம், ஈற்றிற் பெண்ணின் தோற்றம் எனப் பல வாயில்கள். கோயில் வீதியிலே தற்செயலாகக் கண்டது போல் பெண்ணைப் பார்த்துவிட்டுச் செல்லும் வழக்கமும் எம்மிடம் உண்டு. தான் பார்க்கப்பட்டதை அறியாமலே ஒரு பெண் நீக்கப்படுவதும் இவ்வாறு சாத்தியமாயிற்று.

நீக்கத்தை அறிவிப்பதற்கு எமது சமூகம் கண்டுபிடித்த வாய்பாடு 'குறிப்புப் பொருந்தவில்லை' என்பதாகும். இவ்வாய்பாட்டின் தொழிற்பாடு இரட்டைத்தன்மையானது. சீதனம் போதவில்லை என்பதையும் சாதி இடிக்கின்றது என்பதையும் அது மறைத்தது. அதே வேளையிற் பழியைப் பெண்ணின் மீது போடாது கிரகங்களின் மீது போட்டு, இரு குடும்பங்களும் மறுநாள் வீதியில் முகங்கொடுத்துப் பேச இடமளித்தது. கிரகத்தின் பழியும் செவ்வாய்க் குற்றம் என்ற பெயரிற் பெண்ணையே ஆயுள் முழுவதும் தொடர்ந்தமையை நாம் மறந்துவிடலாகாது. இவ்வாய்பாட்டுக்காக ஏங்குதல் எமது நோக்கமன்று. அதன் இடத்தை எது பிடித்துள்ளது என்பதே எமது அக்கறை.

தொலைக்காட்சிப் போட்டியிற் கிரகங்கள் இல்லை. ஆகவே பழி முழுவதும் நீக்கப்பட்டவளின் ஆளுமையின் மீதே விழுகின்றது. அவள் அதிகம் பேசினாள், அல்லது பேசவேயில்லை. அவள் உணர்ச்சிவசப்பட்டாள், அல்லது மனம் திறக்கவில்லை. நிலமானியக் கருத்துநிலை பெண்ணைக் குலத்தினதும் சொத்தினதும் காவியாக மதிப்பிட்டது. நவீன சந்தையோ அவளது உள்ளத்தையே மதிப்பீட்டுக்குரிய பண்டமாக்கியுள்ளது. முன்னையதில் அவள் பேச அனுமதிக்கப்படவில்லை. பின்னையதில் அவள் பேசாதிருக்க அனுமதிக்கப்படவில்லை. இவ்விரண்டையும் விடுதலை என்ற அளவுகோலால் அளப்பவர்க்கு இடையிலுள்ள தூரம் பெரிதாகத் தோன்றாது.

5

இனி 2018இன் நிகழ்ச்சிக்கு மீள்வோம். செயப்பூரிற் படமாக்கப்பட்ட அப்போட்டியிற் பெண்கள் படிப்படியாக நீக்கப்பட்டு ஈற்றில் மூவர் எஞ்சினர். ஏப்ரலில் ஒளிபரப்பான இறுதி நிகழ்ச்சியில் ஆர்யா எவரையும் தெரிவு செய்யவில்லை. ஒருவரைத் தெரிந்தால் மற்றைய இருவரும் அவர்தம் குடும்பத்தினரும் வருந்துவர் என்பதே அவர் கூறிய காரணம். 2019 மார்ச்சில் அவர் நடிகை சாயிஷாவை மணந்தார்.

பார்வையாளர் பலர் தாம் ஏமாற்றப்பட்டதாகக் கொதித்தெழுந்தனர். அக்கோபம் இயற்கையானதே. ஆயினும் ஏமாற்று எங்கே நிகழ்ந்தது என்பதைச் சரியாகக் காணுதல் வேண்டும். பதின்மூவர் ஏற்கெனவே ஒளிக்கருவியின் முன் நீக்கப்பட்டபோது பெரும்பாலான பார்வையாளருக்கு அது விளையாட்டாகவே இருந்தது. எஞ்சிய மூவரும் ஒருங்கே நீக்கப்பட்டபோதுதான் அது அநீதியாகத் தோன்றிற்று. பதின்மூவர் பற்றிய பரிவுணர்வு அதுவரை எங்கிருந்தது? பரிசு ஒருவருக்குக் கிடைக்கும் என்ற நம்பிக்கையே மற்றவரின் நீக்கத்தை நியாயமானதாகக் காட்டிவந்தது. பரிசு இல்லாமற் போனதும் நீக்கம் தன் அப்பட்டமான உருவில் வெளிப்பட்டது. பிறரின் மனவருத்தத்தைத் தவிர்ப்பதற்காகத் தெரிவு செய்யவில்லை என்ற கூற்றின் முரணும் இங்கேதான் உள்ளது. பதின்மூன்று முறை ஏற்படுத்தப்பட்ட வருத்தம் நிகழ்ச்சியை நடத்தியது. பதினான்காவதும் பதினைந்தாவதும் மாத்திரம் தாங்கொணாதவையாகிவிட்டன.

இது தனித்த விபத்துமன்று. 2007 நவம்பரில் அமெரிக்க நிகழ்ச்சியின் பதினொராம் தொடரில் பிராட் வோமக் என்பவர் இறுதி இருவரையும் நிராகரித்தார். அங்கும் பார்வையாளர் கொதித்தனர். ஆயின் தொலைக்காட்சி நிறுவனம் அவரைத் தண்டிக்கவில்லை. 2011இல் அவரையே மீண்டும் அழைத்து இன்னொரு தொடரின் நாயகனாக்கிற்று. திருமணமே இவ்வடிவத்தின் விளைபொருளாயின், அதனைத் தர மறுத்தவர் நிறுவனத்தின் பார்வையிற் தோல்வியாளராதல் வேண்டும். அவ்வாறு நிகழவில்லை. வாராவாரம் விளம்பரதாரருக்கு விற்கப்பட்ட பண்டம் வெளியேற்றமே என்பதையும், திருமணம் அப்பண்டத்தின் மேலுறை மாத்திரமே என்பதையும் இது எண்பிக்கின்றது.

ஒருவரை அறிந்த பின் மறுத்துரைக்கும் வழு சமூகத்தில் தோன்றியமையாலேயே மணச்சடங்கு வகுக்கப்பட்டது எனத் தொல்காப்பியக் கற்பியல் காரணம் கூறும். அறிந்தபின் மறுத்தல் என்னும் அதே செயலைத் தொலைக்காட்சி முறைப்படுத்தி, ஒழுங்குபடுத்தி, தானே ஒரு சடங்காக்கியுள்ளது. மரபின் பெயரால் இந்நிகழ்ச்சியை எதிர்ப்பவரும் மரபின் பெயரால் இதனை விற்பவரும் இம்முரணை ஆராய்ந்ததாகத் தெரியவில்லை.

6

இவ்வாராய்ச்சியின் முடிவு யாது? நீக்கப்படும் பெண் இந்நிகழ்ச்சியில் வகிக்கும் இடத்தை உற்பத்தியுறவுகளின் நோக்கிற் காணுதல் வேண்டும் என்பதே. அவளது கண்ணீரே விளம்பர வருவாயை ஈட்டுகின்றது. பல நிகழ்ச்சிகளில் அதற்கு ஊதியம் இல்லை. காதலைத் தேடி வந்தவளுக்கு ஊதியம் எதற்கு என்பது முதலாளியின் வாதம். காதல் என்ற சொல் இங்கு உழைப்பை மறைக்கும் திரையாகப் பயன்படுகின்றது. வீட்டுவேலையை அன்பு என அழைத்து அதன் உழைப்புத் தன்மையை மறைத்த பழைய உபாயத்தின் தொடர்ச்சியே இது.

இத்திரையை ஒரு நீதிமன்றம் விலக்கிக் காட்டியது. பிரான்சில், காதலரைப் பிரித்து வைத்துச் சோதிக்கும் தொலைக்காட்சி நிகழ்ச்சியொன்றிற் பங்குபற்றியோர் தொடுத்த வழக்கிலே, அந்நாட்டின் உச்ச மேன்முறையீட்டு மன்றம் 2009 யூன் 3ஆம் திகதி தீர்ப்பு வழங்கிற்று. பங்குபற்றியோர் தயாரிப்பு நிறுவனத்தின் கட்டளைக்கு அமைந்து நடந்தமையால் அவர்கள் தொழிலாளரே என்றும், அவர்களுக்கும் நிறுவனத்துக்கும் இடையில் இருந்தது தொழில் ஒப்பந்தமே என்றும் அம்மன்றம் கண்டது. பண்பாட்டுச் சீரழிவு எனக் கூக்குரலிட்டவர் எவரும் எட்டாத இடத்தை ஒரு தொழிற்சட்ட வினா எட்டிற்று.

பிரித்தானியாவில் இத்தகைய நிகழ்ச்சிகளிற் பங்குபற்றிய சிலரின் மரணங்கள் பொதுவிவாதமாகிய நிலையில், 2019 மேயில் நாடாளுமன்றக் குழுவொன்று மெய்ந்நிலைத் தொலைக்காட்சி பற்றிய விசாரணையைத் தொடங்கிற்று. பங்குபற்றுவோர்பால் தயாரிப்பாளருக்குள்ள கடப்பாடு நிகழ்ச்சிக்குப் பின்னரும் தொடர வேண்டுமா என்பது அங்கு முக்கிய வினாவாயிற்று. தமிழ்ச் சூழலிலோ இவ்வினா உரிய அழுத்தத்துடன் எழுப்பப்படவில்லை. ஒளிபரப்பு முடிந்த பின்னும் நீக்கப்பட்டவள் ஊருக்குத் திரும்புகின்றாள். கலியாணப் பேச்சு இன்னும் குடும்பங்களின் கையிலுள்ள சமூகத்திலே, நாடறிய நிராகரிக்கப்பட்டவள் என்ற அடையாளம் அவளோடு திரும்புகின்றது. மேலைநாட்டிலிருந்து இறக்குமதியான வடிவம் எமது மண்ணில் இவ்வாறு இரட்டைச் சுமையாகின்றது. சந்தையின் தீர்ப்பின்மேற் குலத்தின் தீர்ப்பும் ஏறிக்கொள்கின்றது.

ஆகவே முற்போக்கு விமரிசனம் இந்நிகழ்ச்சிகளைத் தடைசெய் என்ற கோரிக்கையுடன் திருப்தியடைதல் இயலாது. தடைசெய்யப்பட்டால் நாம் மீளப்போவது குறிப்புப் பொருந்தவில்லை என்ற பழைய வாய்பாட்டுக்கே. பங்குபற்றுவோரின் உழைப்பு உழைப்பாக ஏற்கப்பட வேண்டும். எவ்வளவுகோலால் நீக்கம் நிகழ்கின்றது என்பது அவர்களுக்கு முன்கூட்டியே சொல்லப்பட வேண்டும். நீக்கப்பட்டவர் ஒளிக்கருவியின் முன் பேசாதிருக்கும் உரிமை ஒப்பந்தத்தில் இடம்பெற வேண்டும். இம்மூன்றும் எளிய கோரிக்கைகளே. ஆயின் இவை நிறைவேறின் இவ்வடிவம் இன்றுள்ள உருவில் நிலைத்திராது. அதன் இயக்கம் இம்மூன்றின் மறுப்பிலேயே தங்கியுள்ளது.

இக்கோரிக்கைகளைத் தொலைக்காட்சி நிறுவனங்களிடம் முன்வைக்கும் நாம், அவற்றையே எமது கலியாணப் பேச்சுக்களிடமும் முன்வைத்தல் வேண்டும். சாதியையும் சீதனத்தையும் காரணமாகக் கொண்டு ஒரு பெண்ணை நீக்குபவர், அதனை அவ்வாறே வாய்திறந்து கூறும் நிலைக்குத் தள்ளப்படுவாராயின், அக்காரணங்கள் வெட்கப்படத்தக்கனவாகும் நாளும் அண்மிக்கும். மறைவில் நிகழும் விலக்கலும் மேடையில் நிகழும் விலக்கலும் ஒரே சமூக உறவின் இரு முகங்கள். ஒன்றை மாத்திரம் கண்டிக்கும் விமரிசனம் மற்றையதற்குக் காவலாகவே முடியும்.